ஐந்தாவது எழுத்து

தாலிக்கான பொன்னுருக்குக்கு நாள் வைத்த பிறகுதான் மகளின் இரத்தம் மிதந்தது.

அவள் வேலை செய்கிற இடத்தில் இரத்ததான முகாம். விரலில் குத்தி, ஒரு துளியை நீலத் திரவத்துக்குள் விடுவார்கள். பாரமான இரத்தம் தாழ்ந்து போகும். தாழ்ந்தால் தானம் கொடுக்கலாம். அவளுடைய துளி மேலேயே நின்றது. மற்றக் கையிலும் குத்தினார்கள். அதுவும் மேலேதான். "என்ர இரத்தத்துக்கு நீந்தத் தெரியுமாம் அம்மா," என்று சிரித்துக்கொண்டு வந்தாள், கிளிநொச்சி வெயிலிலும் சிவக்காத முகத்தோடு.

எங்கள் பக்கத்தில் பெண்பிள்ளை வெளிறினால் என்ன செய்ய வேண்டும் என்று எல்லாருக்கும் தெரியும். முருங்கையிலை வறை, ஆட்டீரல், பேரீச்சம்பழம், விழுங்க இரும்புச்சத்துக் குளிசை. நான் அப்படித்தான் வளர்ந்தேன். தகப்பன் இல்லாத பிள்ளை என்பதால் அவளுக்கு அந்தக் கவனிப்பு இன்னும் ஒரு பிடி கூட. எங்கள் வீட்டாருக்கு இரத்தம் குறைவு என்பது எங்கள் வீட்டாருக்கு மூக்கு நீளம் என்பதைப் போன்ற ஒரு அடையாளம். யாரும் காரணம் கேட்பதில்லை. முகாமுக்கு வந்திருந்த வைத்தியர் கேட்டார். யாழ்ப்பாணப் பக்கத்துப் பிள்ளை, மகளைவிடச் சில வயதுதான் மூப்பு. அவளைக் கிளினிக்குக்கு வரவழைத்து, குழாயில் இரத்தம் எடுத்து வெளியூருக்கு அனுப்பி, முடிவு வந்ததும் என்னையும் கூப்பிட்டு என்னுடையதையும் எடுத்தார்.

"இரும்பு குறையேல்லை அம்மா. அந்தக் குளிசையளை நிப்பாட்டுங்கோ. உங்களுக்கும் மகளுக்கும் தலசீமியாக் காவி."

காவி என்றால் காவுகிறவள். நோய் அவளுக்கு வராது. கொஞ்சம் வெளிறல், கொஞ்சம் களைப்பு, அவ்வளவோடு ஆயுசு முழுக்கப் போய்விடும். ஆனால் இன்னொரு காவியைக் கட்டினால், பிறக்கிற ஒவ்வொரு பிள்ளைக்கும் நாலில் ஒரு பங்கு வாய்ப்பு, இரு பக்கத்துப் பிழையும் சேர்ந்து இறங்க. அந்தப் பிள்ளையால் தனக்கு வேண்டிய இரத்தத்தைத் தானே உண்டாக்க முடியாது. மாதா மாதம் பிறத்தியாரின் இரத்தம் ஏற்றித்தான் வளர வேண்டும்.

மகளுக்குக் கலியாணம் பேசியாயிற்றா என்று கேட்டார். பேசியாயிற்று என்றேன். மாப்பிள்ளை யார்?

"அண்ணையின்ர மகன். சொந்த மச்சான்."

அப்படியென்றால் அவருடைய இரத்தத்தையும் பார்க்க வேண்டும் என்றார் வைத்தியப் பிள்ளை.

எனக்கு ஏன் என்று தெரியாமல் ஒரு வேலையும் ஓடாது. ஏன் எங்கள் இரத்தம் இப்படி, எங்கே பிழைக்கிறது என்று கேட்டேன். அவருக்குப் பொறுமை இருந்தது. வெளியே வரிசையும் இருந்தது. இரண்டுக்கும் இடையில் அவர் சொன்னதை நான் வீட்டுக்குக் காவிவந்து, கைபேசியில் தேடித் தேடி வாசித்து, விளங்காத இடங்களை அடுத்த முறை அவரிடமே கொண்டுபோய்க் கேட்டேன்.

நான் கலியாண வீடியோ வெட்டித் தொகுத்துப் பிழைக்கிறவள். ஒரு நாள் முழுக்க ஓடிய கமரா. அதில் ஐயர் வரக் காத்திருந்த நேரம், ஆரோ சொந்தக்காரரின் முதுகு, பந்தல் துணி, கரண்ட் போன இருட்டு. இவற்றை நீக்கித் தாலி கட்டை ஆரத்தியோடு பொருத்தி, கனடாவில் இருக்கிறவர்கள் பார்த்து அழத்தக்க அளவுக்குச் சுருக்குவது என் வேலை. ஆகையால் உடம்பில் உள்ள ஒவ்வொரு உயிர்க்கலமும் செய்கிற வேலை எனக்குச் சட்டென்று விளங்கியது.

கலத்தின் கருவுக்குள் இருக்கிற பரம்பரை அலகு அந்தக் கருவை விட்டு வெளியே வராது. அதிலிருந்து ஒரு படி எடுக்கப்படுகிறது. அந்தப் படிதான் ஆர்.என்.ஏ. எடுத்த படியும் எடுத்தபடியே வெளியே போவதில்லை. அதன் தலை வெளியே நீளத் தொடங்கியதுமே அதற்கு ஒரு தொப்பி போடுகிறார்கள், வழியில் யாரும் கடித்துத் தின்னாதபடி. வாலில் ஒரே எழுத்தைத் திரும்பத் திரும்பக் கோத்து நீட்டுகிறார்கள். வால் தேயத் தேயத்தான் அதன் ஆயுள் முடியும். சில எழுத்துகளின் தோளில் சின்னச் சின்னக் குறிகள் வைக்கிறார்கள். செய்கிறார்கள், வைக்கிறார்கள் என்று எழுதுகிறேன். அங்கே யாரும் இல்லை. ஆளில்லாத அந்தப் பட்டறையில் என் நெஞ்சு அடிக்கிற ஒவ்வொரு அடிக்கும் இது நடக்கிறது. நான் பஸ்ஸுக்கு நிற்கும்போது, தேங்காய் துருவும்போது, அண்ணனோடு சண்டை பிடிக்கும்போது.

பிறகு வெட்டு. இரத்தத்தின் சிவப்புக்கான செய்தியில் வேண்டிய துண்டுகள் மூன்று. அவற்றுக்கு இடையே வேண்டாத துண்டுகள் இரண்டு. இடைத்துண்டு தொடங்கும் இடத்தில் ஒரு எழுத்து அடையாளம் உண்டு, முடியும் இடத்தில் இன்னொன்று. வெட்டுகிற பொறி அந்த அடையாளத்தைத் தடவி அறிந்து அறுக்கிறது. அறுபட்ட இடைத்துண்டு மாட்டுக்குப் போடுகிற சுருக்குக் கயிறு போல வளைந்து கழன்று விழுகிறது. இரு பக்கமும் ஒட்டுகின்றன. ஒரு எழுத்துக்கூடப் பிசகாமல்.

எங்கள் நாட்டில் பொதுவாகக் காணப்படுகிற வகையில், முதலாவது இடைத்துண்டின் ஐந்தாவது எழுத்து மாறிப்போயிருக்கிறது. ஒரே ஒரு எழுத்து. அதுவும் எப்படியும் வெட்டி எறியப்படப் போகிற துண்டில். எங்களுக்கும் அதுதான் என்று பிறகு உறுதியாயிற்று. அந்த எழுத்து மாறியதால் அடையாளம் மங்குகிறது. பொறி வந்து தடவுகிறது, சந்தேகப்படுகிறது. சில வேளை சரியான இடத்திலேயே அறுக்கிறது. பல வேளை பக்கத்தில் அதே சாடையில் இருக்கிற வேறொரு இடத்தில் அறுத்துவிடுகிறது. குப்பை உள்ளே நிற்க, செய்தி குழம்புகிறது. கலம் அதை வாசித்துப் பார்த்து, நடுவழியில் முற்றுப்புள்ளி கண்டு, இது உதவாது என்று சிதைத்துவிடுகிறது. சிவப்புக்குச் செய்தி போதாமல் போகிறது.

என் தொழிலோடு ஒப்பிட்டால் ஒன்று மட்டும் ஒத்துவராது. நான் பிழையாக வெட்டினால் ஆள் போன் எடுத்து ஏசும், நான் திரும்ப வெட்டுவேன். இங்கே ஏச ஆள் இல்லை. பிழை இருக்கிறதென்று தெரிந்துகொள்ள மட்டுமே எங்களால் முடியும். அதையாவது நேரத்தோடு தெரிந்துகொள்ள வேண்டும்.

நேரம் என்றால் பொன்னுருக்கு. மாப்பிள்ளை வீட்டில் நல்ல நாள் பார்த்து, பத்தர் வந்து, தாலிக்கான பொன்னை எல்லாருக்கும் முன்னால் உருக்குவார். உருக்கினால் முடிந்தது. அதன் பிறகு கலியாணத்துக்குத் தடை என்ற சொல்லே கிடையாது. நெருங்கின சொந்தத்தில் செத்தவீடு விழுந்தால்கூடக் கலியாணம் நிற்காது. மாப்பிள்ளையும் பொம்பிளையும் அந்தச் செத்தவீட்டுக்குப் போக மாட்டார்கள். உருகின பொன்னைத் திரும்பப் பொற்காசாக்க ஏலாது என்பார்கள். ஆகையால் மருமகனின் இரத்தத்தை அதற்கு முன்னால் பார்த்துவிட வேண்டும் என்று முடிவெடுத்தேன். யார் என்ன சொன்னாலும்.

அண்ணன் உருத்திரபுரத்தில் வயல் செய்கிறான். தொண்டை கிழியக் கதைப்பான், மனதில் ஒன்றும் வைக்க மாட்டான் என்று ஊர் சொல்லும். அது பாதி உண்மை. ஊர் அவனை பீ.எச்.ஐ., அதாவது சுகாதாரப் பரிசோதகர், என்றும் சொல்லும். அடுத்தவன் வளவில் சிரட்டையில் தண்ணீர் நிற்கக் கண்டால் நுளம்பு பெருகும் என்று வேலி தாண்டிப் போய்க் கவிழ்ப்பான். வளர்ந்து உழவு மெசின் ஓட்டுகிற மகன் படுத்த பிறகும் நுளம்பு வலையின் ஓரத்தை இழுத்துச் சொருகிவிடுவான். அதைச் சொல்லிச் சொல்லி அண்ணி சிரிப்பா.

நான் போனபோது வாய்க்காலில் தண்ணீர் திருப்பிக்கொண்டு நின்றான். விசயத்தைச் சொன்னேன். சாதகம் பொருந்திவிட்டது என்றான். நாலு தலைமுறையாய் மச்சானும் மச்சாளும் கட்டின குடும்பத்தில் என்ன நோய் வருத்தத்தைக் கண்டாய் என்றான். கலியாணத்துக்கு முதல் இரத்தம் பார்த்தால் சனம் வேறொரு வருத்தத்தைத்தான் நினைக்கும், பெடியன் எங்கோ போய் வந்திருக்கிறான் என்று கதை கட்டும் என்றான். செல்லடிக்கும் பசிக்கும் தப்பி வந்த இரத்தத்தை ஊசி போட்டுக் குறை கண்டுபிடிக்கிறாயோ என்றும் கேட்டான். மண்வெட்டியை வரம்பில் ஊன்றிவிட்டு, இது கடைசி என்கிற மாதிரிச் சொன்னான்:

"நீ கலியாண வீடியோ வெட்டுறனீ. இப்ப கலியாணத்தையே வெட்ட வந்து நிக்கிறாய்."

"வெட்ட வரேல்லை அண்ணை. ஆனா இது தெரியாமல் பொன்னுருக்க விடமாட்டன்."

"என்ர வீட்டில உருக்கிற பொன்னை நீ எப்பிடி மறிப்பாய்?"

"பொம்பிளை என்ர வீட்டிலதானே இருக்கிறா."

அவன் குனிந்து மடையில் மண் போட்டான். நான் சைக்கிளைத் திருப்பினேன். அன்று மாலையே, பொன்னுருக்கு ஒத்திப்போயிற்று, அதற்கு நான்தான் காரணம் என்று சொந்தம் முழுக்கப் போன் போயிற்று. உண்மைதான், நான் மறுக்கவில்லை. மகளை மூளைச்சலவை செய்துவிட்டேன் என்றார்கள். மருமகனோ அவளோடு கதைத்து, தான் வருவதாகத்தான் சொன்னான். ஆனால் தகப்பனை மீறி வர மாட்டான். எனக்கும் அப்படி ஒளித்து வந்து எடுத்த இரத்தம் வேண்டாம். ஒளித்து எடுத்த முடிவை யாருக்கு முன்னால் விரித்து வைப்பது?

திரும்பக் கிளினிக்குக்குப் போனேன். அண்ணனை வழிக்குக் கொண்டுவர ஏதும் வழி சொல்லுங்கோ என்றேன். வைத்தியப் பிள்ளை யோசித்துவிட்டு, எங்கள் வீட்டில் சின்ன வயதில் யாரும் தவறினார்களா என்று கேட்டார்.

தங்கச்சி ஒருத்தி இருந்தாள். எனக்கு இளையவள். பள்ளிக்கூடம் போகிற வயது வருமுன் போய்விட்டாள். மலேரியா என்றேன். அந்த நாளில் வன்னியில் பிள்ளை வெளிறி வயிறு வீங்கினால் அது மலேரியாதான். காடும் குளமும் நுளம்பும் உள்ள இடத்தில் வேறு பெயரை யாரும் தேடியதில்லை. கைத்துக் கொட்டுகிற குளிசையைக் கரைத்துக் கரைத்துப் பருக்கினோம்.

"காய்ச்சல் விட்டு விட்டு வந்ததோ? நடுங்கினவாவோ?"

யோசித்தேன். அவள் உடம்பு நினைவுக்கு வந்தது, எப்போதும் சில்லென்று. நெற்றி கொஞ்சம் முன்தள்ளி, கன்ன எலும்பு அகன்று, சிரித்தால் மேற்பல்வரிசை வெளியே தெரிய. இடப்பக்கம் கல் மாதிரி வயிறு. விளையாட வா என்றால் இருந்துகொண்டே விளையாடுவாள்.

நடுங்கவில்லை. அவள் ஒரு நாளும் நடுங்கவில்லை.

"அப்பிடியெண்டால் உங்கட அப்பா, அம்மா ரெண்டு பேருமே காவியாய் இருந்திருக்கலாம்," என்றார், மெதுவாக. அப்படியானால் அண்ணனும் காவியாக இருக்கக்கூடிய சாத்தியம்தான் கூட என்றார்.

நான் அங்கிருந்து நேரே உருத்திரபுரம் போனேன். வழியில் அழவில்லை. அழுதால் சொல்ல வேண்டியதைச் சொல்ல முடியாது.

அண்ணன் முற்றத்துக் கதிரையில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தான். என்னைக் கண்டதும் முகத்தைத் திருப்பினான். நான் இந்த முறை கலியாணத்தைப் பற்றிக் கதைக்கவில்லை. தங்கச்சியைப் பற்றிக் கதைத்தேன். அவள் நெற்றி, அவள் பல், அவள் வயிறு. காய்ச்சல் நடுக்கம் இல்லாத அவள் வருத்தம். வைத்தியப் பிள்ளை கேட்டது, சொன்னது. ஐந்தாவது எழுத்தைக்கூடச் சொன்னேன், அவனுக்கு விளங்கட்டும் விளங்காமல் போகட்டும் என்று. அப்பாவிடமிருந்து ஒன்று, அம்மாவிடமிருந்து ஒன்று, இரண்டு படியிலும் வெட்டுகிற இடம் மங்கிப்போய் அவள் பிறந்தாள். பிறந்தபோதே அவளிடம் அது இருந்தது.

அவன் கோப்பையைக் கீழே வைத்தான்.

"நுளம்பால இல்லையோ?"

"இல்லை."

"காவல் கொட்டிலுக்கு நான்தானே அவளைக் கூட்டிக்கொண்டு போனனான். வலையும் இல்லை அங்க. அவள் வரப்போறன் எண்டு அழுவாள், நானும் ஏத்திக்கொண்டு போவன்."

அவன் அப்போது மீசை அரும்பாத பெடியன். அப்பாவோடு வயல் காவலுக்குப் போவான்; சைக்கிள் பாரில் அவளை வைத்துக்கொண்டு. எனக்கு அது தெரியும். அது அவனுக்குள் இவ்வளவு காலம் என்ன செய்துகொண்டிருந்தது என்பது மட்டும் தெரியாது. கவிழ்த்த சிரட்டைகளும் சொருகின வலைகளும் அப்போதுதான் எனக்கு விளங்கின.

"நுளம்பால இல்லை அண்ணை. கொட்டிலால இல்லை. நீ கூட்டிக்கொண்டு போகாட்டிலும் அவள் போயிருப்பாள்."

அண்ணி உள்ளேயிருந்து வந்து நின்றா. அவன் சால்வையை எடுத்து முகத்தைத் துடைத்தான், மெதுவாக, நெற்றியிலிருந்து தாடை வரைக்கும், வயலால் வந்தவன் துடைப்பது போல. பிறகு கிளினிக் எத்தனை மணிக்குத் திறக்கும் என்று கேட்டான்.

அடுத்த நாள் நான் போகும்போது வரிசையின் முன்னால் அவனும் மகனும் நின்றார்கள். தன் கையைத்தான் முதலில் நீட்டினான். ஊசி போட்ட தாதியிடம், கிளினிக்குக்குப் பின்னால் வாளியில் தண்ணீர் தேங்கி நிற்கிறது என்று முறையிட்டதாகவும் கேள்வி. அவ்வளவு சுலபமாக விட்டுவிடுகிற பழக்கம் இல்லையே.

முடிவு வந்தது. அண்ணன் காவி. மருமகனும் காவி.

நல்ல செய்தி வரும் என்று நான் உள்ளூர நம்பியிருந்தேன் போலும்; முடிவுத் தாளை இரண்டாம் முறையும் வாசித்தேன். ஆனால் தெரிந்துவிட்டது. இனி யாருடைய வாயையும் பார்த்துக்கொண்டிருக்கத் தேவையில்லை. வைத்தியப் பிள்ளை பிள்ளைகள் இருவரையும் இருத்தி, வயிற்றில் இருக்கும்போதே பிள்ளையைச் சோதித்து என்ன செய்யலாம், எதற்கு இந்த நாட்டில் வழியில்லை, எது பெருஞ்செலவு, எதுவும் வேண்டாமென்றால் பிரிந்துபோகலாம் என்று ஒளிக்காமல் சொன்னார். முடிவை நீங்கள்தான் எடுக்க வேண்டும், அம்மாமார் அப்பாமார் எடுக்க ஏலாது என்று எங்களையும் ஒரு பார்வை பார்த்தார்.

மகள் இந்த நோயோடு வளர்கிற பிள்ளைகளைப் பார்க்க வேண்டும் என்றாள். இரத்தம் ஏற்றுகிற நாளில் அண்ணனும் நானும் பிள்ளைகளுமாய் நால்வரும் ஆஸ்பத்திரிக்குப் போனோம். மலையகத்திலிருந்து முந்தி வந்து குடியேறிய குடும்பத்துத் தாய் ஒருத்தி, கட்டிலில் அவளுடைய மகள். பிள்ளையின் ஒரு கையில் இரத்தம் ஏறிக்கொண்டிருக்க, மற்றக் கையால் கைபேசியில் கார் ஓட்டிக்கொண்டிருந்தாள். உழவு மெசின்காரனான என் மருமகனை அந்த விளையாட்டில் தோற்கடித்துவிட்டு, "உங்களுக்கு ஓட்டவே தெரியலையே மாமா," என்றாள். அவன் இன்னொரு ஆட்டம் கேட்டான். அதிலும் தோற்றான்.

தாயிடம் மகள் மெல்லக் கேட்டாள், எப்படிச் சமாளிக்கிறீர்கள் என்று. அந்தத் தாய் முறைப்பாடாக ஒன்றும் சொல்லவில்லை. மாசா மாசம் பஸ் ஏறணும், ஏத்துற இரத்தத்தில இருக்கிற இரும்பு உள்ள தேங்கிரும்ன்னு தினமும் மருந்து கரைச்சுக் குடுக்கணும், நல்லாப் படிக்கிறா, என்றாள். எங்களுக்கு முன்னமே யாரும் சொல்லல தங்கச்சி, உங்களுக்குச் சொல்லியிருக்காங்க, என்றாள்.

திரும்பும் வழியில் மகளும் மச்சானும் பஸ்ஸின் பின் இருக்கையில் தாழ்ந்த குரலில் கதைத்துக்கொண்டே வந்தார்கள். அண்ணனும் நானும் முன்னால், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல். அறுவடையான இரண்டு வயல்வெளிகளைக் கடந்திருப்போம். மகள் எழும்பி வந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு எங்களுக்கு முன்னால் நின்றாள்.

"மாமா, நாங்கள் கட்டுறம். ஆனா பெறமாட்டம்."

அண்ணன் அண்ணாந்து பார்த்தான்.

"அந்தப் பிள்ளையில ஒரு குறையுமில்லை. ஆனா தெரிஞ்சுகொண்டு அந்த ஊசியை நான் ஒரு பிள்ளைக்குக் குடுக்கமாட்டன். வளர்க்க ஆளில்லாத பிள்ளையள் இருக்கினம். ஒண்டை எடுத்து வளர்ப்பம். சட்டப்படி பதிஞ்சு, எவ்வளவு காலம் காத்து நிண்டாலும் நிப்பம்."

மருமகன் பின்னாலிருந்து, "ஓம் அப்பா," என்றான். அவ்வளவுதான் அவன் சொன்னது. அந்த ஓமில் தளம்பல் இல்லை.

அவர்கள் பிரிந்துவிடுவதுதான் புத்தி என்று எனக்குள் ஒரு குரல் கேட்கத்தான் செய்தது. நாலைந்து வருசம் கழித்து மனம் மாறினால்? நான் அதைக் கேட்டேன், ஒளிக்காமல் அவளிடமே கேட்டேன். மனம் மாறினால் திரும்ப அந்த வைத்தியரிடமே போய்க் கேட்போம், தெரியாத மாதிரி நடிக்க மாட்டோம் என்றாள். இதற்கு மேல் ஒரு தாய் என்ன உத்தரவாதம் கேட்பது?

பொன்னுருக்குக்கு வேறு நாள் வைத்தோம். வழக்கப்படி மகள் வரவில்லை, நான் போனேன். மணையில் மருமகன். பத்தர் சட்டியில் நெருப்பை ஊதிக்கொண்டிருந்தார். சொந்தம் முழுக்கச் சுற்றி நின்றது, என்னைக் கண்டும் காணாத மாதிரி. அண்ணன் பொன்னைக் கையில் எடுத்தவன் பத்தரிடம் கொடுக்காமல் நிமிர்ந்தான். அவனுடைய வயல் குரலில், வேலிக்கு வெளியே நிற்பவர்களுக்கும் கேட்கத்தக்கதாகச் சொன்னான்:

"எல்லாரும் கேளுங்கோ. என்ர மகனுக்கும் மருமகளுக்கும் இரத்தத்தில ஒரு பிழை இருக்கு. எனக்கும் இருக்கு. எங்கட அப்பா அம்மாட்டையிருந்து வந்தது. அதால இதுகள் ரெண்டும் பிள்ளை பெறுறேல்லை, எடுத்து வளர்க்கிறது எண்டு முடிவு. நாளைக்கு ஒருத்தரும் வந்து என்ர மருமகளிட்ட விசேசம் இல்லையோ எண்டு கேக்கப்படாது. கேக்கிறதெண்டால் இப்ப என்னட்டக் கேளுங்கோ."

பத்தர் ஊதுகுழலை வாயிலிருந்து எடுத்துவிட்டார். பெரியம்மா ஒருத்தி, ஊர்க் கலியாணங்கள் எல்லாவற்றிலும் குறை கண்டுபிடிப்பவ, மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு கேட்டா: "உனக்கும் இருக்கெண்டால் எங்களுக்கும் இருக்குமோடா? என்ர பேத்திக்கும் பேசுறம்."

"இருக்கலாம். போய்ப் பாருங்கோ."

"எங்க போறது?"

அண்ணன் என்னைக் காட்டிவிட்டுப் பொன்னைப் பத்தரிடம் கொடுத்தான். இவ்வளவு நாளும் என் முகம் பார்க்காமல் நின்ற பெண்கள் மெல்லத் திரும்பினார்கள். பொன் உருகிக்கொண்டிருக்க, நான் அந்த முற்றத்தில் நின்று கிளினிக்குக்கு எந்த வாசலால் போவது, யாரைக் கேட்பது, ஏன் இரும்புக் குளிசையைச் சும்மா விழுங்கக்கூடாது என்று சொல்லிக்கொண்டிருந்தேன்.

வீட்டுக்கு வந்தபோது மகள் வாசல் படலையடியில் நின்றாள். உருக்கியாயிற்றா என்று கேட்கவில்லை.

"மாமா சொன்னவரோ?"

"எல்லாருக்கும் முன்னால சொன்னவர்."

அவள் படலையைத் திறந்துவிட்டாள். "அப்ப இனி ஒருத்தரும் என்ர வயித்தைப் பாக்கமாட்டினம்."

"பாப்பினம்," என்றேன். "பாத்தால் நீயும் நேர முகத்தைப் பார்."